கமிஷனர் வந்தால் எல்லாம் தெரிந்துவிடுமா?

“ஐயா, ஒரு கமிஷன் போட்டா எல்லாம் தெரிஞ்சிரும்லா?” கோவில்பட்டியில் நிலத் தாவாவோடு வருகிற கட்சிக்காரர் பெரும்பாலும் இதைத்தான் முதலில் கேட்பார். அவருக்கு வக்கீலாகவும், வேறு வழக்குகளில் கமிஷனராகவும் காடுகாடாக நடந்தவன் என்ற முறையில் சொல்கிறேன், எல்லாம் தெரியாது.

உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 26 விதி 9 இடத்தைப் பார்த்து அறிக்கை தரக் கமிஷனரை அனுப்பும் அதிகாரத்தைக் கோர்ட்டுக்குத் தருகிறது. தாவாவைத் தெளிவாக்க இடத்தைப் பார்ப்பது அவசியம் என்று கோர்ட்டுக்குப் பட வேண்டும். நாம் கேட்டதற்காகவே கொடுத்துவிட மாட்டார்கள்.

உளுந்துக் காட்டில் போய் நிற்கிற கமிஷனர் எதைப் பார்க்கலாம்? பயிர் காய் பிடித்திருக்கிறது, வடக்குப் பொழி வெட்டிச் சாய்க்கப்பட்டிருக்கிறது, வெட்டிய மண்ணில் ஈரம் இன்னும் இருக்கிறது என்று எழுதலாம், போட்டோ எடுக்கலாம். விதைத்தது யார் என்று செடியைப் பார்த்து எழுத முடியாது. பக்கத்துக் காட்டுக்காரர் சொன்னதை நம்பி, ‘வாதியே அனுபவித்து வருகிறார்’ என்று ஒரு கமிஷனர் எழுதியிருந்தார். ஆட்சேபணை போட்டு, அவரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி, அந்த வரி வெறும் கேள்வி ஞானம்தான் என்று காட்ட வேண்டியிருந்தது.

அதனால் மனுவில் ‘யார் சுவாதீனத்தில் உள்ளது என்று கண்டறிய’ என்று எழுதவே எழுதாதீர்கள். சுவாதீனத்துக்குச் சாட்சியம் திரட்டக் கமிஷனர் இல்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லிவிட்டது. அந்த ஒரு வரிக்காகவே மனு தள்ளுபடியாகும். சுவாதீனத்தை அடங்கல், தீர்வை ரசீது, கூட்டுறவுச் சங்கப் பயிர்க்கடன், பயிர்க் காப்பீட்டு ரசீது, ஊர்ச் சாட்சி ஆகியவற்றால்தான் நிரூபிக்க வேண்டும்.

எல்லைத் தகராறு வேறு விஷயம். அடுத்தடுத்த இரண்டு நிலங்களுக்கு இடையே எல்லை எது என்பதே பிரச்சினை என்றால் கமிஷனரை அனுப்பியிருக்க வேண்டும் என்று ஹரியானா வக்ஃபு வாரிய வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. கரிசல் காட்டுக்கு இது ரொம்பப் பொருந்தும். மழையில் உப்பி, கோடையில் கை நுழையும் அளவுக்கு வெடிக்கிற மண் இது. ஊன்றிய சர்வே கல் சாய்கிறது, புதைகிறது. டிராக்டர் கலப்பை இடறிய கல்லை ஓரமாகத் தூக்கிப் போட்டுவிட்டுப் போகிறவர்களும் உண்டு. (வேண்டுமென்றே போடுகிறவர்களைப் பற்றித் தனியாகத்தான் எழுத வேண்டும்.)

அளக்கச் சொல்லும் மனுவில் தாலுகா சர்வேயர் உதவியைக் கேளுங்கள். புலப்படம், பத்திரம் இரண்டின்படியும் அளக்க வேண்டும் என்று தெளிவாக எழுதுங்கள். பத்திரத்தில் சென்ட் இருக்கும், இன்றைய புலப்படத்தில் மீட்டர், பழைய படத்தில் லிங்க்ஸ். நூறு லிங்க்ஸ் ஒரு சங்கிலி, அதாவது 66 அடி. எட்டயபுரம் ஜமீன் காலத்துப் பத்திரமாக இருந்தால் சர்வே எண்ணே இல்லாமல் நான்கெல்லை மட்டும் இருப்பதும் உண்டு. இந்தக் கணக்கை முன்பே போட்டு, எந்தக் கல்லிலிருந்து அளக்க வேண்டும் என்று மெமோவாகக் கமிஷனர் கையில் கொடுத்துவிட்டால், காட்டில் நின்று கத்த வேண்டியிருக்காது.

ஐப்பசி, கார்த்திகையில் அளக்கப் போகாதீர்கள். ஒவ்வொரு அடிக்கும் செருப்போடு அரைக் கிலோ மண் ஏறும். நிற்கிற பயிரை மிதித்தால் புதுச் சண்டை வேறு. அறுப்பு முடிந்து பங்குனியில் போனால் கல் கண்ணுக்குத் தெரியும். ஆனால் வண்டிப்பாதையை நேற்று வெட்டி அடைத்திருக்கிறான் என்றால் பருவம் பார்க்கக் கூடாது. தாவாவோடு சேர்த்தே மனுப் போடுங்கள், தடயம் அழியும் முன் கமிஷனர் பார்த்தாக வேண்டும். இதற்கு நேர்மாறாக, சாட்சி விசாரணையெல்லாம் முடிந்த பிறகு கமிஷன் கேட்பவரும் உண்டு. இந்தக் கட்டத்தில் கேட்கக் கூடாது என்று விதி 9 சொல்லவில்லை. ஆனாலும் ஓட்டையை அடைக்க வந்த மனு என்று ஜட்ஜுக்குத் தோன்றிவிட்டால் அதோடு சரி.

அறிக்கை பாதகமாக வந்தால் உடனே இரண்டாவது கமிஷனரைக் கேட்காதீர்கள். விதி 10-இன்படி அறிக்கை சாட்சியம், அதுவே தீர்ப்பு ஆகாது. முதலில் ஆட்சேபணை, பிறகு கோர்ட் அனுமதியோடு கமிஷனரை விசாரிப்பது. முதல் அறிக்கையில் குறை இருப்பதாகக் கோர்ட் கருதினால்தான் மேல்விசாரணைக்கு வழி திறக்கும்.

பாகப்பிரிவினை வழக்கில் மட்டும் இந்த இழுபறி குறைவு. முதல்நிலைத் தீர்ப்பாணை வந்த பிறகு விதி 13-இன்படி கமிஷனர் போய்த்தான் நிலத்தைப் பிரிக்க வேண்டும். அங்கே தகராறு பம்புசெட் கிணற்றில் வரும். கிணற்றை வெட்டிப் பிரிக்க முடியாது. யாருக்கு எந்த நாள் தண்ணீர் முறை, கிணற்றுக்குப் போக எத்தனை அடி பாதை என்பதையெல்லாம் கமிஷனர் கையிலேயே எழுதி வாங்கிவிடுங்கள்.