தொப்பிக்காரர் கூட்டமும் சத்தியானந்தரும்

காலையில பசியாற ஓட்ஸ் கரைக்கிறோமே, அந்த டின்னைக் கொஞ்சம் திருப்பிப் பாருங்கள். அகலத் தொப்பி போட்டு, வெள்ளை முடியோடு சிரித்த முகமாக ஒருத்தர் இருப்பார். மேலே ‘குவேக்கர்’ என்று எழுதியிருக்கும். நம்ம படிப்பு வட்டத்தில் கேட்டால் பாதிப் பேர், அது கம்பெனி முதலாளியோட பேர் என்றார்கள். இல்லை தம்பி. அது ஒரு சமயக் கூட்டத்தாரின் பெயர். கம்பெனிக்கும் அவர்களுக்கும் சம்பந்தமே கிடையாது. நேர்மையான ஆளுங்க என்று அவர்களுக்கு ஊரில் இருந்த நல்ல பெயரை, 1877இல் ஒரு கம்பெனி வியாபாரச் சின்னமாக எடுத்துக்கொண்டது. அவ்வளவுதான்.

இந்து இளைஞர் இதழில் இந்தத் தொப்பிக்காரருக்கு என்ன வேலை என்று கேட்பீர்கள். அந்த மரபில் பிறந்த ஓர் அமெரிக்கர் இந்தியாவுக்கு வந்து, கூலியில்லாக் கட்டாய உழைப்பை எதிர்த்து நின்று, இந்துவாகி, மலைமேல் ஒரு கோயிலும் கட்டிவிட்டுக் கண்ணை மூடியிருக்கிறார். அவர் கதையைத்தான் இந்த மாதப் பாடமாக வைத்திருக்கிறேன். அதைப் புரிந்துகொள்ள அவருடைய முன்னோர் கதையைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

1650களில் இங்கிலாந்தில் ஜார்ஜ் ஃபாக்ஸ் என்பவர் ஊர் ஊராகப் போய்ப் பேசினார். ஒவ்வொரு மனிதருக்குள்ளும் இறைவனின் ஒளி இருக்கிறது, அதைக் காண நடுவில் ஒரு பாதிரியார் தேவையில்லை என்பது அவர் பேச்சின் சாரம். அவரோடு சேர்ந்தவர்கள் தங்களை ‘நண்பர்கள்’ என்று அழைத்துக்கொண்டார்கள். ‘குவேக்கர்’, அதாவது நடுங்குகிறவர்கள் என்பது மற்றவர்கள் கேலிக்கு வைத்த பெயர். அதுவே நிலைத்துவிட்டது. அவர்களின் வழிபாட்டில் பலிபீடம் இல்லை, பூசாரி இல்லை. எல்லாரும் சும்மா உட்கார்ந்திருப்பார்கள். யாருக்காவது உள்ளேயிருந்து ஒரு சொல் எழுந்தால் எழுந்து சொல்வார்கள். எழவில்லை என்றால் ஒரு மணி நேரம் மௌனமாகவே முடியும். உள்ளொளி என்றதும் நமக்கு வள்ளலார் நினைவு வரும். வடலூரில் அவர் 1872இல் திறந்த சத்திய ஞான சபையிலும் சோதிதானே தெய்வம்!

அந்தக் காலத்து ஆங்கிலத்திலும் நம்மைப்போல ‘நீ’, ‘நீங்கள்’ என்ற வேறுபாடு உண்டு. பெரிய மனிதரை ‘நீங்கள்’ என்று சொல்லித் தொப்பியைக் கழற்ற வேண்டும். குவேக்கர்கள் நீதிபதியிடமும் பிரபுவிடமும் ‘நீ’ என்றே பேசினார்கள். தொப்பியையும் கழற்றவில்லை. எல்லாருக்குள்ளும் ஒரே ஒளி என்றால் ஒருத்தருக்கு மட்டும் என்ன தனி மரியாதை என்பது அவர்கள் வாதம். இதற்காகச் சிறைக்கும் போனார்கள். பெரட்டுக் களத்தில் துரை முன்னால் முண்டாசை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு நின்ற நம்ம தாத்தாமார்களை நினைத்துக்கொண்டால் இது சின்ன விஷயம் இல்லை என்று புரியும்.

அமெரிக்காவுக்குப் போனபோதும் வரவேற்பு சரியில்லை. பாஸ்டன் நகரில் 1660இல் மேரி டயர் என்ற பெண்மணியைத் தூக்கிலேயே போட்டார்கள். குவேக்கராக இருந்ததும், வராதே என்று விரட்டிய ஊருக்குத் திரும்பி வந்ததும்தான் குற்றம். பிறகு 1681இல் வில்லியம் பென் என்ற குவேக்கருக்கு அரசர் பெரிய நிலப்பகுதி ஒன்றைக் கொடுத்தார். அதுதான் பென்சில்வேனியா. அங்கே பிலடெல்பியா நகரைச் சுற்றி அவர்கள் வாழ்க்கை வேர்விட்டது. அவர்கள் கூட்டங்களில் இன்றுவரை ஓட்டெடுப்பு கிடையாது. எல்லார் மனமும் ஒரு பக்கம் சாயும்வரை பேசுவார்கள், மௌனமாக இருப்பார்கள், மறுபடி பேசுவார்கள். நம்ம பக்கத்து ஆலயக் கூட்டங்களைப் பார்த்திருக்கிறீர்களே. கையைத் தூக்கி எண்ணி 23க்கு 19 என்று முடித்த மறு மாசமே, அந்தப் பத்தொன்பது பேரும் வேற இடத்தில் கொட்டகை போட்டுச் சூலத்தை நட்டுவிடுவார்கள்.

ஆனால் அவசரப்பட்டு அவர்களைத் தலையில் தூக்கி வைத்துக்கொள்ள வேண்டாம். எல்லாருக்குள்ளும் ஒளி என்று சொன்ன அதே குவேக்கர்களில் பலர், ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வந்த மனிதர்களை விலைக்கு வாங்கி அடிமையாக வைத்திருந்தார்கள். 1688இல் ஜெர்மன்டவுன் என்ற ஊரில் நாலு பேர் கையெழுத்துப் போட்டு, இது தகுமா என்று ஒரு மனு கொடுத்தார்கள். ஊர்க் கூட்டம், இது ரொம்பப் பாரமான விஷயம் என்று மேல்கூட்டத்துக்கு அனுப்பியது. அது இன்னும் மேலே அனுப்பியது. கடைசியில் மனு அப்படியே கிடந்தது. 1738இல் பெஞ்சமின் லே என்ற குள்ளமான, கூன் விழுந்த மனிதர், உள்ளே குடைந்த புத்தகத்தில் சிவப்புச் சாறு நிரம்பிய பையை மறைத்துக் கூட்டத்துக்குக் கொண்டுபோனார். அடிமை வைத்திருப்பவன் இப்படித்தான் செய்கிறான் என்று வாளால் அதைக் குத்தினார். சாறு இரத்தம்போல் தெறித்தது. அவரைத் தூக்கி வெளியே போட்டார்கள்.

எனக்குப் பிடித்தவர் ஜான் வுல்மன். 1720இல் நியூ ஜெர்சியில் பிறந்தவர், தையல்காரர். இளம் வயதில் கடையில் வேலை பார்த்தபோது, முதலாளி ஒரு கறுப்பினப் பெண்ணை விற்பதற்குச் சீட்டு எழுதச் சொன்னார். எழுதிக் கொடுத்தார். ஆனால் மனசு கேட்கவில்லை, அதை அங்கேயே சொன்னார். அதற்கப்புறம் யார் கேட்டாலும் எழுத மறுத்தார். ஊர் ஊராகப் போய் அடிமை வைத்திருந்த குவேக்கர் வீடுகளில் தங்கி, சண்டை போடாமல் உட்கார்ந்து பேசினார். கிளம்பும்போது, தனக்குச் சமைத்து, பரிமாறிய அடிமைகளுக்குக் கூலி கொடுத்துவிட்டுப் போவார். வீட்டுக்காரருக்கு எப்படி இருந்திருக்கும்! திட்டினால்கூடத் தாங்கிக்கொள்ளலாம். அடிமைகள் உழைப்பில் வந்த சர்க்கரையையும் அவர் விட்டுவிட்டார்.

1776இல் பிலடெல்பியா ஆண்டுக் கூட்டம், அடிமை வைத்திருப்பவர் நம் கூட்டத்தில் இருக்க முடியாது என்று முடிவு செய்தது. அமெரிக்க நாடே அதைச் செய்ய இன்னும் 89 வருஷம் ஆனது. அது பெருமைதான். ஆனாலும் 1688 மனுவிலிருந்து கணக்குப் போட்டால் 88 வருஷம். எல்லார் மனமும் சாயட்டும் என்று இவர்கள் காத்திருந்த காலத்தில் எத்தனை பேர் அடிமையாகவே பிறந்து செத்திருப்பார்கள்? பொறுமைக்கான விலையை யார் கொடுத்தார்கள் என்று கேட்காமல் அந்தப் பொறுமையை என்னால் பாராட்ட முடியவில்லை.

சர்க்கரை விஷயம் நம்மையும் தொடுகிறது. 1834இல் பிரிட்டிஷ் காலனிகளில் அடிமை முறைக்குச் சட்டப்படி முடிவு வந்தது. கரும்புத் தோட்டம் மட்டும் அப்படியே இருந்தது. அதே வருஷம் மொரீஷியஸுக்கு இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளைக் கப்பலேற்றினார்கள். இங்கிலாந்து குவேக்கரான ஜோசப் ஸ்டர்ஜ் 1839இல் தொடங்கிய அடிமை எதிர்ப்புச் சங்கம், இது வேற பேரில் வருகிற அடிமைத்தனம் என்று எதிர்த்தது. முழுசாக நிறுத்த முடியவில்லை. அந்த வழியில்தான் மலாயாவுக்கும் நம்மவர்கள் வந்தார்கள், முதலில் கரும்புக்கும் காப்பிக்கும், பிறகு பால்மரத்துக்கு. இங்கே ஒப்பந்த முறை 1910இல் முடிந்தது. கங்காணி ஆள் கட்டி அழைத்து வருவது 1938 வரை நடந்தது. அம்பாங்கானைச் சுற்றி இன்று வீடமைப்புப் பகுதியாகிவிட்ட இடங்களில் மரம் வெட்டிய குடும்பம்தான் எங்களுடையதும்.

இப்போது நம்ம ஆளுக்கு வருவோம். சாமுவேல் எவன்ஸ் ஸ்டோக்ஸ், 1882இல் பிலடெல்பியாவில் குவேக்கர் பாரம்பரியம் கொண்ட வசதியான குடும்பத்தில் பிறந்தார். 1904இல், 21 வயதில், சிம்லா மலைப்பக்கம் சபாத்துவில் தொழுநோயாளிகளுக்குச் சேவை செய்யக் கிறிஸ்துவத் தொண்டராக வந்தார். சில காலம் துறவி மாதிரி வாழ்ந்தார். 1912இல் ஆக்னஸ் என்ற மலைநாட்டுப் பெண்ணை மணந்து கோட்கர் பகுதியில் நிலம் வாங்கி விவசாயியாகிவிட்டார். அமெரிக்காவிலிருந்து நல்ல ஜாதி ஆப்பிள் கன்றுகளைக் கொண்டுவந்து நட்டு, ஊராருக்கும் சொல்லிக்கொடுத்தார். இன்று ஹிமாச்சல் ஆப்பிள் என்று பேர் பெற்றதற்கு அந்தத் தோட்டம் ஒரு தொடக்கம்.

அந்த மலையில் ‘பேகார்’ என்று ஒரு வழக்கம். அதிகாரிகள் சுற்றுலா, வேட்டை என்று வந்தால், கிராமத்து ஆண்கள் வயலை விட்டுவிட்டு மூட்டை சுமக்க வேண்டும். கூலி கிடையாது, அல்லது பேருக்கு ஏதோ கொடுப்பார்கள். அறுவடைக் காலமா, வீட்டில் நோயா என்று யாரும் கேட்பதில்லை. வெள்ளைத் தோல் உள்ள ஸ்டோக்ஸை யாரும் சுமக்கக் கூப்பிடப் போவதில்லை. இருந்தும் அவர் ஊராரைத் திரட்டினார், மனு எழுதினார், பத்திரிகைகளில் எழுதினார். 1921இல் கோட்கர் பகுதியில் அது ஒழிந்தது. அதே வருஷம், அரசாங்க வேலையை விட்டு வெளியேறுங்கள் என்று காங்கிரஸ் தலைவர்கள் விட்ட அறிக்கையில் கையெழுத்திட்ட ஒரே அமெரிக்கர் அவர்தான். டிசம்பரில் கைதானார். பிணை கொடுக்க மறுத்து லாகூர் சிறையில் ஆறு மாதம் இருந்தார்.

சிறு வயதில் இறந்துபோன மகன் தாரா பேரில் ஒரு பள்ளிக்கூடம் நடத்தினார். அங்கே ரிச்சர்ட் கிரெக் என்ற இன்னொரு அமெரிக்கர் பாடம் சொல்லிக்கொடுத்தார். அவர் பிறகு அகிம்சை பற்றி எழுதிய நூலின் 1959ஆம் ஆண்டுப் பதிப்புக்கு முன்னுரை எழுதியவர் மார்ட்டின் லூதர் கிங். அந்த மலைப் பள்ளிக்கூடத்திலிருந்து எங்கே போய்ச் சேர்ந்திருக்கிறது பாருங்கள்.

ஸ்டோக்ஸ் சமஸ்கிருதம் கற்று, உபநிடதங்களையும் கீதையையும் வருஷக்கணக்கில் படித்தார். 1932இல் ஆரிய சமாஜ முறைப்படி இந்துவானார், சத்தியானந்தர் என்று பேர் வைத்துக்கொண்டார். வந்து 28 வருஷம் கழித்து! யாரும் அரிசி மூட்டை கொடுத்து அழைக்கவில்லை. ஏசுநாதர்மேல் வைத்திருந்த மரியாதையையும் அவர் விட்டுவிடவில்லை. நம்ம பையன் ஒருத்தன் வேற சமயத்துக்குப் போய்விட்டால் வீட்டு வாசலில் நின்று சண்டை போடுகிறோம். அவன் இங்கே இருந்தபோது உட்கார்ந்து கீதை படிக்க அவனோடு ஒரு வருஷமாவது செலவழித்தோமா என்று யாரும் கேட்பதில்லை.

1937இல் தானேதாரில் அவர் கட்டிய கோயிலின் பெயர் பரம்ஜோதிர் மந்திர். மரத்தில் கீதை, உபநிடத வரிகளைச் செதுக்கி வைத்தார். பரம்பொருளுக்கு ஒளி என்று பேர். அவர் முன்னோர் மௌனமாக உட்கார்ந்து தேடியதும் ஒளியைத்தானே. சுதந்திரத்தைப் பார்க்காமல் 1946 மே மாதம் காலமானார்.

அடுத்த ஞாயிறு வகுப்புக்கு ஒரு வேலை தருகிறேன். நம்மைச் சுற்றி இருக்கும் செம்பனைத் தோட்டங்களில் இப்போது பெரட்டுக்கு நிற்பது இந்தோனேசியரும் பங்களாதேஷ்காரரும். நாம் சாப்பிடுகிற உணவுக்கடையில் கோப்பை கழுவுகிறவரும் அவர்களில் ஒருத்தர்தான். போன திருவிழா அன்னதானத்தில் இரவு பன்னிரண்டு மணி வரைக்கும் அண்டா கழுவியவர்கள் யார், அவர்கள் பேர் என்ன, கூலி வாங்கினார்களா, அவர்களை நாம் ‘நீ’ என்றோமா ‘நீங்க’ என்றோமா? விசாரித்து எழுதிக்கொண்டு வாருங்கள். பேர் தெரியவில்லை என்றால், வருவதற்கு முன்னால் போய்க் கேட்டுவிட்டு வாருங்கள்.