மாயாவியின் இரு மோதிரங்கள்

ஜோகுபாளையத்தில் எங்கள் தெருப் பிள்ளைகளுக்கு ஞாயிறுதோறும் தமிழ் சொல்லித் தருகிறேன். கன்னடமும் ஆங்கிலமும் பள்ளியிலேயே வந்துவிடுகின்றன. தமிழ் எழுத்தை நாம்தான் கற்பிக்க வேண்டியிருக்கிறது. இம்முறை பாடம், 1990களில் ராணி காமிக்ஸில் நம்மில் பலர் படித்த முகமூடி மாயாவி.

அமெரிக்கரான லீ ஃபாக் 1936 பிப்ரவரி 17 அன்று தொடங்கிய சித்திரக்கதை இது. பங்கல்லா என்ற கற்பனை நாட்டுக் காட்டில் வாழும் மாயாவிக்கு இரண்டு மோதிரங்கள். வலக்கையில் மண்டையோடு: அவரிடம் குத்து வாங்கிய தீயவனின் தாடையில் அந்தத் தடம் அழியாது. இடக்கையில் குறுக்கிட்ட வாள்கள்: அக்குறி பெற்றவர் மாயாவியின் பாதுகாப்பில் இருக்கிறார் என்று பொருள்.

மோதிரத்தில் மந்திரம் ஏதுமில்லை. தந்தைக்குப் பின் மகனாக 21 தலைமுறை மாயாவிகள் வாக்குத் தவறவில்லை. அதனால்தான் காடே அக்குறியை மதிக்கிறது.

இத்தகைய அடையாளத்துக்குத் தமிழில் இலச்சினை என்று பெயர். சோழருக்குப் புலி, பாண்டியருக்கு மீன், சேரருக்கு வில். அசோகவனத்தில் அனுமன் சீதையிடம் அடையாளமாகக் கொடுத்ததும் இராமனின் கணையாழிதான்.

எழுத்தும் அப்படியே. 'அ' என்ற வடிவத்துக்குத் தானாக ஒலி கிடையாது. தலைமுறைகள் காத்து வந்ததால் அது பேசுகிறது. வீட்டில் தமிழ் படிப்பவர் இல்லையென்றால் நம் பிள்ளைகளுக்கு அது வெறும் கோடு.

பயிற்சி: இலச்சினை, கணையாழி ஆகிய சொற்களை வைத்து ஒவ்வொரு வாக்கியம் எழுதுக. கீழே உங்கள் பெயரைத் தமிழில் கையெழுத்திடுக. பெற்றோரும் உடன் கையெழுத்திட வேண்டும்.