அறியும் கருவியும் அறிவின் எல்லையும்: ‘ஸ்டார் ட்ரெக்’ தொடரில் டிரைகார்டர்

ஆய்வுச் சுருக்கம்

அறிவியல் புனைவுகளில் இடம்பெறும் கற்பனைக் கருவிகள் பெரும்பாலும் எதிர்காலத் தொழில்நுட்பத்தின் முன்னறிவிப்புகளாகவே மதிப்பிடப்படுகின்றன. கதைப்பின்னலில் அவை ஆற்றும் பணி போதிய கவனம் பெறுவதில்லை. ‘ஸ்டார் ட்ரெக்’ தொலைக்காட்சித் தொடரின் டிரைகார்டர் எனும் கையடக்க ஆய்வுக்கருவியை, இரண்டு கதைப்பகுதிகளின் வழி இக்கட்டுரை ஆராய்கிறது. கருவியின் அறிவு எங்கு முடிகிறதோ அங்கேயே மாந்தரின் பொறுப்பு தொடங்குகிறது என்பது கட்டுரையின் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: அறிவியல் புனைவு, கற்பனைக் கருவி, டிரைகார்டர், கதைப்பின்னல், அறம்.

முன்னுரை

ஜீன் ராடன்பெரி உருவாக்கிய ‘ஸ்டார் ட்ரெக்’ அமெரிக்கத் தொலைக்காட்சியில் 1966 செப்டம்பர் 8 அன்று தொடங்கி, 1969 வரை 79 பகுதிகளாக ஒளிபரப்பாயிற்று. என்டர்பிரைஸ் விண்கலத்தார் அறியாத கோள்களில் இறங்கும்போது தோளில் தொங்கவிட்டுச் செல்லும் சிறு பெட்டியே டிரைகார்டர். சூழலின் இயல்பு, உயிர்களின் இருப்பு, உடலின் நிலை ஆகியவற்றை அது தொடாமலே அறிவிக்கும். மருத்துவர் மெக்காய் பயன்படுத்தும் வகையில், நோயாளியின் மேல் அசைத்துப் பார்க்கத்தக்க சிறு உணர்கருவி ஒன்றும் உடன் அமைந்துள்ளது.

பெயரும் பணியும்

‘மூன்று’ எனப் பொருள்படும் முன்னொட்டும் ‘பதிவுக்கருவி’ எனப் பொருள்படும் சொல்லும் இணைந்து இப்பெயர் பிறந்தது. உணர்தல், கணித்தல், பதிதல் என்பன அதன் முத்தொழில்கள். தமிழில் இதனை ‘முப்பதிவி’ எனலாம். ஆயினும் அச்சொல் பதிதலை மட்டுமே முன்னிறுத்தும். மூலப்பெயருக்கும் இக்குறை உண்டு. மூன்று தொழில்களுள் அடங்காத ஒன்றும் உண்டு: அறிந்ததன்மேல் என்ன செய்வது எனத் துணிதல். அது மாந்தர்க்கே விடப்பட்டுள்ளது.

கேட்டதை மட்டும் காட்டும் கருவி

1967 மார்ச்சில் ஒளிபரப்பான ‘தி டெவில் இன் த டார்க்’ பகுதியில், சுரங்கக் கோள் ஒன்றில் தொழிலாளர் அடுத்தடுத்துக் கொல்லப்படுகின்றனர். கொல்லும் உயிர் கரிமத்தால் ஆனதன்று, சிலிக்கனால் ஆனது என ஸ்பாக் ஊகித்து, அதற்கேற்பத் தம் டிரைகார்டரை மாற்றியமைக்கிறார். ஊகம் முந்துகிறது, கருவி பிந்துகிறது. உயிர் என்பதற்கு ஆய்வாளர் கொண்ட வரையறையே கருவியின் பார்வைக்கும் எல்லையாகிறது.

ஹோர்ட்டா எனப்படும் அவ்வுயிரின் இருப்பிடத்தைக் கருவியால் காட்ட முடிகிறது. அதன் துயரைக் காட்ட முடிவதில்லை. ஸ்பாக் அதனைத் தொட்டு உளவழி இணைந்த பின்னரே உண்மை வெளிப்படுகிறது. தொழிலாளர் வெறும் கற்களெனக் கருதி உடைத்த உருண்டைகள் அதன் முட்டைகள். கொலைகாரி எனப்பட்டது தன் குஞ்சுகளைக் காக்க முனைந்த தாய். தொடாமல் அறியும் கருவிக்கு அப்பாற்பட்டதைத் தொட்டறிதல் தருகிறது.

அறிந்தும் ஆற்றாமை

1967 ஏப்ரலில் ஒளிபரப்பான ‘தி சிட்டி ஆன் த எட்ஜ் ஆஃப் ஃபாரெவர்’ இச்சிக்கலை மேலும் ஆழப்படுத்துகிறது. மருந்தால் நிலைதவறிய மெக்காய் காலவாயில் வழியே கடந்த காலத்தினுள் பாய, வரலாறு மாறிவிடுகிறது. அவரைத் தேடிக் கிர்க்கும் ஸ்பாக்கும் 1930களின் நியூயார்க்கை அடைகின்றனர். காலவாயில் காட்டிய வரலாற்றை ஸ்பாக்கின் டிரைகார்டர் பதிந்து வைத்துள்ளது. அதைப் படிக்கவோ அக்கால வானொலி உறுப்புகளைக் கொண்டு துணைக்கருவி சமைக்க வேண்டியிருக்கிறது.

பதிவு இரு எதிர்காலங்களைக் காட்டுகிறது. ஒன்றில் ஈடித் கீலர் என்னும் பெண் விபத்தில் இறக்கிறார். மற்றொன்றில் அவர் வாழ்ந்து, அமைதி இயக்கம் ஒன்றை முன்னெடுக்கிறார். அதனால் அமெரிக்கா போரில் இறங்கத் தாமதமாகி, நாஜி ஜெர்மனி வெல்கிறது. கிர்க் அவரைக் காதலிக்கிறார். கருவி தன் பணியைக் குறைவின்றி முடித்துவிட்டது. எனினும், ஈடித்தைக் காக்க விரையும் மெக்காயைப் பற்றி நிறுத்தும் கைகள் கிர்க்கினுடையவை. செம்மையான தரவு அவர் சுமையைக் குறைக்கவில்லை. ‘அறியேன்’ என்று சொல்லும் வாய்ப்பையும் பறித்துவிடுகிறது.

புனைவிலிருந்து நடைமுறைக்கு

2012இல் தொடங்கப்பெற்ற குவால்காம் டிரைகார்டர் எக்ஸ் பரிசுப் போட்டி, இக்கற்பனையை வீட்டு மருத்துவக் கருவியாக்க முனைந்தது. 2017இல் இரு அணிகள் பரிசு பெற்றன. எல்லா நிபந்தனைகளையும் நிறைவுசெய்த அணி எதுவுமில்லை. போட்டி அளந்தது நோயறியும் திறனை. புனைவு எழுப்பிய வினா அதற்கு அடுத்த படியில் நிற்கிறது: நோயறிந்த பின் அதனைச் சொல்வதும் ஏற்பதும் யார் பொறுப்பு?

முடிவுரை

முதற்கதையில் டிரைகார்டரின் அறிவு போதாமல் மாந்தர் தொட்டறிய நேர்கிறது. இரண்டாம் கதையில் அறிவு முழுமையாக இருந்தும் துணிவு மாந்தரிடமே எஞ்சுகிறது. இரு நிலைகளிலும் அறச்சுமை கருவிக்குக் கைமாறுவதில்லை. கற்பனைக் கருவிகளை ஆராய்வோர், அவை மெய்ப்பட்டனவா என்பதோடு, அவை மாந்தர்க்கு விட்டுவைத்த பணி யாது என்பதையும் நோக்குதல் தமிழ் அறிவியல் புனைகதை ஆய்வுக்கும் பயன் தரும்.