ஹூக்கர் சிகரமும் கோயமுத்தூர்ச் சித்திரமும்

அன்புள்ள சிரஞ்சீவி வேலுச்சாமிக்கு,

கனடா தேசத்துப் பூகோளப் படத்தில் ஹூக்கர், பிரௌன் என்ற இரு சிகரங்களைக் கண்டு, இவை எந்த ராஜாக்களின் பெயர்கள் என்று கேட்டிருந்தாய். இருவரும் தாவர சாஸ்திரிகள், கண்ணு. கிளாஸ்கோ சர்வகலாசாலையில் பேராசிரியராயிருந்த வில்லியம் ஜாக்ஸன் ஹூக்கரின் ஆதரவில் வளர்ந்த டேவிட் டக்ளஸ் என்னும் இளைஞர், வட அமெரிக்கக் காடுகளில் விதைகளும் செடிகளும் சேகரித்துத் திரும்பும் வழியில் அதபாஸ்கா கணவாயைக் கடந்தபொழுது, 1827 மே 1-ஆம் தேதி, பனி மூடிய சிகரமொன்றின்மீது ஏறி, அதற்கு ராபர்ட் பிரௌனின் பெயரையும், அருகே நின்ற மற்றொன்றுக்குத் தம் ஆசானின் பெயரையும் சூட்டினார்.

அவை 16,000 அடிக்குக் குறையாதவை என்று அவர் குறித்ததை நம்பி, அறுபது ஆண்டுகளுக்கு மேலாகத் தேசப்படங்கள் அவற்றை மகா பர்வதங்களாகக் காட்டிவந்தன. 1893-இல் கோல்மன் என்ற பேராசிரியர் தேடிச் சென்று பார்த்தபோது, அத்தகைய பர்வதங்கள் அங்கே இல்லை. பிரௌன் சிகரம் 2,799 மீட்டர்தான்; நம் ஆனைமலைத் தொடரின் ஆனைமுடியே 2,695 மீட்டர் அல்லவா! கணவாயே 11,000 அடி உயரத்தில் இருப்பதாக அக்காலத்தவர் கொண்டிருந்த நம்பிக்கையின்மேல் டக்ளஸ் தம் கணக்கை எழுப்பியதால் விளைந்த பிழை அது; கணவாயின் மெய்யான உயரமோ 6,000 அடிக்கும் குறைவு. அதற்காக அவரைக் குறைவாக எண்ணிவிடாதே. அவர் சேகரித்த செடிகளில் பிழையில்லை.

அந்த ஹூக்கருக்கு நம் ஊரோடும் சம்பந்தம் உண்டு. கிழக்கிந்தியக் கம்பெனி உத்தியோகத்தில் வைத்தியராக வந்து, 1842 முதல் சுமார் பத்தாண்டுக் காலம் கோயமுத்தூரில் அமெரிக்கப் பருத்திப் பரிசோதனைகளை நடத்திய ராபர்ட் வைட், அதற்கு முன்பே ரங்கய்யா என்ற சித்திரக்காரரைக் கொண்டு தென்னாட்டுச் செடிகளை வரைவித்து அனுப்ப, ஹூக்கர் அவற்றைத் தம் பத்திரிகையில் வெளியிட்டார். ரங்கய்யாவுக்குப் பின் வைட்டிடம் பணிசெய்தவர் கோவிந்து. 1838 முதல் 1853 வரை ஆறு பாகங்களாக வெளிவந்த வைட்டின் மகத்தான நூலில் 2,101 சித்திரங்கள் உள்ளன. அந்நூலிலேயே அவர் ஆர்க்கிட் பேரினமொன்றுக்குக் கோவிந்துவின் பெயரைச் சூட்டி நன்றி செலுத்தினார். ஒரு துரை, தம்மிடம் ஊதியம் பெற்ற இந்தியச் சித்திரக்காரரை இவ்விதம் கௌரவித்தது அந்நாளில் அபூர்வம். அதை நினைக்கும்தோறும் எனக்கு மனம் நெகிழ்கிறது.

பின்வந்த பண்டிதர்கள் அப்பேரினத்தை டிரோபிடியா என்ற மற்றொரு பேரினத்தோடு சேர்த்துவிட்டதால், கோவிந்துவின் பெயர் இன்று வழக்கில் இல்லை. ஆயினும் இதழையும் மகரந்தத்தையும் கனியையும் தனித்தனியே பிரித்து அவ்விரு சித்திரக்காரர்களும் வரைந்துவைத்த சித்திரங்களை, ஒரு செடியை ஐயமற அறிய விரும்புவோர் இன்றும் எடுத்துப் பார்க்கிறார்கள். சிகரத்துக்குச் சூட்டிய பெயரைவிட இந்த உழைப்பையே நான் பெரிதாக மதிக்கிறேன்.

இங்கே வேளாண்மைப் பல்கலைக்கழக வளாகத்தில், இந்தியத் தாவரவியல் ஆய்வுத் துறையின் பொறுப்பில், உலர்த்தித் தாளில் ஒட்டிய தென்னாட்டுச் செடிகள் இலட்சக்கணக்கில் பாதுகாக்கப்படுகின்றன. உன் பரீட்சை முடிந்ததும் வா. முன்கூட்டி அனுமதி கேட்டு அழைத்துப் போகிறேன். அதற்குள் மருதமலை அடிவாரத்தில் ஏதேனும் ஒரு செடியைப் பறிக்காமல், இருந்த இடத்திலேயே பார்த்து வரைந்து, தேதியையும் இடத்தையும் பூவின் நிறத்தையும் அதன் கீழே எழுதிக்கொண்டு வா. உலர்ந்த பூவில் நிறம் நிற்காது.

இப்படிக்கு,
அன்புள்ள மாமா