வீட்டுக் கடனின் முழு விலை



ஒரு மூட்டை சீமெந்து வாங்கப் போனால் நாம் இரண்டு மூன்று கடை ஏறி இறங்கி விலை கேட்கின்றோம். ஐம்பது ரூபா குறைவென்றால் முதற் கடைக்கே திரும்பி நடக்கவும் தயங்குவதில்லை. ஆனால் எம்மிற் பலர் வாழ்நாளில் வாங்கும் மிகப் பெரிய பொருளுக்கு மாத்திரம் விலை கேட்பதில்லை. அந்தப் பொருள் வீடன்று. வீடு கட்டுவதற்காக வாங்கும் கடன்.

கடன் எடுத்த ஒருவரிடம், "மாதம் எவ்வளவு கட்டுகிறீர்கள்?" என்று கேட்டுப் பாருங்கள். சதக் கணக்கோடு சொல்வார். "முடிவிலே மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்பீர்கள்?" என்று கேட்டால் எம் முகத்தைப் பார்ப்பார். இவ்வாரப் பாடம் அந்த இரண்டாவது கேள்வியைப் பற்றியது.

ஈடும் ஒற்றியும்

அறுதி, ஒற்றி, ஈடு ஆகிய மூன்று சொற்களையும் எம் முதியோர் நன்கறிவர். அறுதி என்பது காணியை விற்றுத் தீர்த்தல். ஒற்றி என்பது பணத்தைப் பெற்றுக்கொண்டு காணியைக் கடன் தந்தவரின் கையில் ஒப்படைத்தல். வட்டிக்குப் பதிலாக அவர் அக்காணியின் நெல்லையும் தேங்காயையும் மாங்காயையும் அனுபவிப்பார். ஒல்லாந்தர் காலத்தில், 1707ஆம் ஆண்டில், எழுத்திலே தொகுக்கப்பட்ட தேசவழமையிலும் ஒற்றிக்கு இடமுண்டு. ஈட்டிலோ காணியும் வீடும் எம் கையிலேயே இருக்கும். உறுதி மாத்திரம் வங்கியின் பெட்டகத்துக்குப் போய்விடும்.

ஒற்றியில் ஒரு நன்மை இருந்தது. கடனின் விலை கண்ணுக்குத் தெரிந்தது. எம் பாட்டன் வைத்த தென்னையிலே மற்றொருவர் தேங்காய் பறிப்பதை ஒவ்வொரு பறிப்பிலும் கண்டோம். எப்போது மீட்போம் என்ற தவிப்பு வீட்டிலே இருந்தது. ஈட்டுக் கடனில் அந்தக் காட்சி இல்லை. எம் வீட்டில் நாமே குடியிருக்கின்றோம். எம் மரத்தில் நாமே பறிக்கின்றோம். வங்கி பறிப்பது சம்பளச் சிட்டையிலே ஒரு வரியாக மறைந்துவிடுகின்றது. ஆகவே அதைக் கணக்கிட்டுத்தான் காணவேண்டும்.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம்

ஒரு குடும்பம் வீடு கட்டுவதற்கு 50 இலட்சம் ரூபா கடன் பெறுகின்றது என்று வைத்துக்கொள்வோம். வட்டி ஆண்டுக்கு நூற்றுக்கு 12 வீதம். தவணைக் காலம் 20 ஆண்டுகள். வட்டி, குறைந்து செல்லும் மீதியின் மேல் கணிக்கப்படுகின்றது. மாதாந்தத் தவணைப் பணம் 55,054 ரூபா ஆகும்.

இதனை 240 மாதங்களாற் பெருக்குங்கள். 1 கோடி 32 இலட்சத்து 13 ஆயிரம் ரூபா வரும். வாங்கியது 50 இலட்சம். வட்டியாகப் போவது 82 இலட்சத்து 13 ஆயிரம். அதாவது ஒரு வீட்டுக்குக் கடன் எடுத்து, இரண்டரை வீட்டின் பணத்துக்கு மேலாகக் கொடுக்கின்றோம்.

இன்னுமொன்றைக் கவனியுங்கள். முதல் மாதம் நீங்கள் கட்டும் 55,054 ரூபாவில் வட்டிக்கு 50,000 போகின்றது. முதலிற் கழிவது 5,054 ரூபா மாத்திரமே. ஐந்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமற் கட்டிய பின், நீங்கள் கொடுத்தது 33 இலட்சத்து 3 ஆயிரம். ஆனால் இன்னும் 45 இலட்சத்து 87 ஆயிரம் மீதி நிற்கும். பத்து ஆண்டுகளிற் கொடுத்தது 66 இலட்சம். மீதி 38 இலட்சத்து 37 ஆயிரம். பதினைந்தாம் ஆண்டின் முடிவிலேதான் முதலின் அரைவாசி தீரும்.

"பத்து வருடம் கட்டிவிட்டோம், பாதிக் கடன் முடிந்திருக்கும்" என்று நம்பி, வீட்டை விற்க அல்லது கடனைத் தீர்க்க வங்கிக்குச் செல்பவர்கள் அதிர்ச்சியோடு திரும்புவது இதனாலேயே. வங்கி ஏமாற்றவில்லை. கணக்கின் இயல்பே அதுதான். மீதி பெரிதாக இருக்கும் காலத்தில் வட்டியும் பெரிதாக இருக்கும். ஆகையாற் கடனின் முதல் ஆண்டுகள் பெரும்பாலும் வட்டிக்கே உழைக்கும் ஆண்டுகள்.

சிறிய தவணை, பெரிய விலை

"தவணையைக் குறைத்துத் தாருங்கள், காலத்தைக் கூட்டிக்கொள்ளுங்கள்" என்பது பலரும் வங்கியில் வைக்கும் வேண்டுகோள். அதே 50 இலட்சம், அதே 12 வீதம். காலத்தை மாத்திரம் மாற்றிப் பார்ப்போம்.

10 ஆண்டுகள்: மாதம் 71,735 ரூபா, மொத்த வட்டி 36 இலட்சத்து 8 ஆயிரம்.
15 ஆண்டுகள்: மாதம் 60,008 ரூபா, மொத்த வட்டி 58 இலட்சத்து 2 ஆயிரம்.
20 ஆண்டுகள்: மாதம் 55,054 ரூபா; மொத்த வட்டி 82 இலட்சத்து 13 ஆயிரம்.
25 ஆண்டுகள்: மாதம் 52,661 ரூபா, மொத்த வட்டி 1 கோடி 7 இலட்சத்து 98 ஆயிரம்.

இருபது ஆண்டுகளை இருபத்தைந்தாக நீட்டினால் மாதம் 2,393 ரூபா மிச்சம். அந்த மிச்சத்துக்காகக் கூடுதலாகக் கொடுப்பது ஏறத்தாழ 26 இலட்சம். மாறாக, மாதம் 5,000 ரூபா கூடுதலாகக் கட்ட ஒரு குடும்பத்தால் இயலுமானால், இருபது ஆண்டுக் கடன் பதினைந்து ஆண்டுகளில் முடிந்துவிடும். மிஞ்சுவது 24 இலட்சத்துக்கு மேல். ஒரு பிள்ளையின் மேற்படிப்பு அந்தப் பணத்திலே அடங்கும்.

எனவே கையிலே சிறிது பணம் சேரும்போது, அது ஆண்டிறுதிக் கொடுப்பனவாயினும் சரி, வெளிநாட்டிலுள்ள பிள்ளை அனுப்பியதாயினும் சரி, முதலிற் கழிக்குமாறு எழுத்தில் அறிவித்துச் செலுத்துங்கள். அவ்வாறு அறிவிக்காவிடின் அது வருங்காலத் தவணைகளுக்கான முற்பணமாக வரவு வைக்கப்படலாம். முற்கூட்டிச் செலுத்துவதற்குக் கட்டணம் உண்டோ என்பதையும் கடன் எடுக்கும் நாளிலேயே கேட்டறிதல் வேண்டும்.

வட்டி ஏறினால் என்ன ஆகும்?

மேலே சொன்ன கணக்கெல்லாம் வட்டி மாறாதிருக்கும் என்ற எண்ணத்திலே போட்டவை. நாமோ 2022ஆம் ஆண்டைக் கண்டவர்கள். அவ்வாண்டு ஏப்ரல் மாதத்தில் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 வீதப் புள்ளிகளால் உயர்த்தியது. அதனைத் தொடர்ந்து கடன்களுக்கான வட்டி 20 வீதத்தையும் தாண்டியது. 2023ஆம் ஆண்டின் நடுப்பகுதியிலிருந்தே அது இறங்கத் தொடங்கியது.

எமது உதாரணக் குடும்பத்தின் கடன் மாறும் வட்டியில் எடுக்கப்பட்டு, தொடக்கத்திலேயே 24 வீதமாகிவிட்டால்? 50 இலட்சத்துக்கு ஒரு மாத வட்டி மாத்திரமே 1 இலட்சம் ரூபா. 55,054 ரூபா கட்டுபவர் முதலைக் குறைப்பது எங்கே? வட்டியையே முழுதாகக் கட்டவில்லை. குறித்த காலத்தில் முடிப்பதாயின் தவணை 1,00,870 ரூபாவாக உயர வேண்டும். சம்பளம் இரட்டிக்கவில்லை, அரிசி விலை குறையவில்லை. அந்நாட்களிற் பல வீடுகளிற் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் நொந்துகொண்டதற்கு இந்த ஒரு வரிக் கணக்கே காரணமாயிருந்தது.

ஆகவே கடன் பத்திரத்திற் கையொப்பமிடுமுன் கேளுங்கள்: வட்டி எத்தனை ஆண்டுகளுக்கு மாறாது? அதன்பின் எதனை அடிப்படையாகக் கொண்டு மாறும்? உச்ச எல்லை உண்டா?

மற்றொரு பொறி, நிலையான முதலின் மேற் கணிக்கும் வட்டி. சில நிதி நிறுவனங்களும் தனியாரும் இவ்வாறு கணிப்பர். ஒரு இலட்சம் ரூபாவை ஐந்து ஆண்டுகளுக்கு "12 வீதம்" என்று தருவர். ஆண்டுக்கு 12,000 வீதம் 60,000 ரூபா வட்டி சேர்த்து, மாதம் 2,667 ரூபா அறவிடுவர். நீங்கள் மாதந்தோறும் முதலைத் திருப்பிக் கொடுத்தாலும் முழு இலட்சத்துக்கும் வட்டி ஓடும். குறைந்து செல்லும் மீதியின்படி கணித்தால் இது 20 வீதத்துக்கும் மேற்பட்ட வட்டியாகும். இரண்டு இடங்களிலும் "12" என்றே எழுதியிருக்கும், பொருள் வேறு.

பத்திரத்தின் ஓரத்திலுள்ள செலவுகள்

உறுதி பரிசோதனை, நொத்தாரிசின் கட்டணம், முத்திரைச் செலவு, மதிப்பீட்டாளரின் கட்டணம், தீக் காப்புறுதி, ஆயுட் காப்புறுதி என்பனவும் கடனின் விலையைச் சேர்ந்தவையே. இடப்பெயர்வுகளில் உறுதிகளை இழந்த குடும்பங்களுக்குப் பிரதி எடுக்கும் அலைச்சலும் செலவும் கூடுதலாக உண்டு. கடன் தொகையிலிருந்து இவற்றைக் கழித்தால் கட்டடத்துக்கு எவ்வளவு மிஞ்சும் என்று முதலிற் பாருங்கள். கூரை மட்டத்தில் நின்றுபோன வீட்டுக்கும் தவணை கட்டியே தீரவேண்டும்.

ஈட்டை மீட்கத் தவறினால் வருவதையும் ஒளிக்காமற் சொல்லவேண்டும். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ், உரிய அறிவித்தல்களின் பின், நீதிமன்றம் செல்லாமலே பணிப்பாளர் சபையின் தீர்மானத்தைக் கொண்டு ஈட்டு ஆதனத்தை ஏலத்தில் விற்க வங்கிகளுக்கு அதிகாரமுண்டு. 2024ஆம் ஆண்டில் அவ்வதிகாரம் தற்காலிகமாக இடைநிறுத்தப்பட்டது. ஆனால் சட்டம் அகற்றப்படவில்லை. எனவே தவணை தவறும் என்று தெரிந்தவுடனேயே வங்கிக்குச் சென்று பேசுங்கள். கடிதங்களைப் பிரிக்காமல் அலுமாரியில் வைப்பது எவரையும் காப்பாற்றாது.

தனியாரிடம் கடன் பெறுவோர் இன்னும் விழிப்பாயிருத்தல் வேண்டும். "ஈடுதானே" என்று சொல்லி, குறித்த நாளுக்குள் மீட்காவிட்டால் காணி தமக்கே என்ற நிபந்தனையுடன் அறுதி உறுதி எழுதுவிப்போர் உளர். பத்திரத்தின் தலைப்பு ஈடா அறுதியா என்பதை நொத்தாரிசைக் கொண்டு வாசிப்பித்து அறியாமற் கையொப்பமிட வேண்டாம்.

அப்படியாயிற் கடனே வேண்டாமா?

அப்படிச் சொல்லவில்லை. இந்நாட்டில் 1931ஆம் ஆண்டிலே அரச ஈட்டு வங்கி அமைக்கப்பட்டது. அதுவே பின்னர் அரச ஈட்டு முதலீட்டு வங்கியாயிற்று. இத்தகைய நிலையங்களின் கடனால் வீடு கண்ட குடும்பங்கள் பல. வாடகைப் பணம் திரும்பி வராது. கட்டிய வீடு பிள்ளைகளுக்கு நிற்கும். நாணயத்தின் பெறுமதி ஆண்டுதோறும் குறைவதால், இருபதாம் ஆண்டிற் கட்டும் 55,054 ரூபா இன்றைய 55,054 ரூபாவின் பாரத்தைக் கொண்டிராது என்பதும் உண்மை. ஆயினும் அந்த ஆறுதல் சம்பளம் உயர்பவர்களுக்கே உரியது. 45 வயதில் இருபது ஆண்டுக் கடன் எடுப்பவர் 65 வயதுவரை கட்டவேண்டும். ஓய்வூதியத்திலிருந்தோ, மகன் அனுப்பும் பணத்திலிருந்தோ கட்டுவோம் என்று இன்றே எழுதிவைப்பது சரியா?

எம்மவரின் குறை கடன் எடுப்பதன்று. அயலவரின் வீட்டைப் பார்த்துக் கடனின் அளவைத் தீர்மானிப்பது. மகளின் சீதன வீடு மேல்மாடியோடு அமையவேண்டும் என்பதற்காகக் கூட்டும் ஒவ்வொரு பத்து இலட்சமும், மேற்சொன்ன கணக்கின்படி, 26 இலட்சத்துக்கு மேலாகத் திரும்பிக் கட்டவேண்டியது. அந்தப் பாரம் சிலவேளை மாப்பிள்ளைக்கும் மகளுக்குமே சேர்ந்துவிடுகின்றது. இரண்டு அறைகளோடு தொடங்கி, கடன் முடிந்தபின் மூன்றாவது அறையைக் கட்டிய குடும்பங்கள் நிம்மதியாக உறங்குகின்றன.

குடும்பமாகச் செய்யவேண்டியது

கோபுரம் கட்ட விரும்புபவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிடுவதைப் பற்றி ஆண்டவர் சொன்ன உவமையை லூக்கா நற்செய்தியின் 14ஆம் அதிகாரத்தில் வாசிக்கின்றோம். அந்த மனிதன் நின்றபடி கணக்குப் பார்க்கவில்லை, உட்காருகின்றான். வங்கி மேசையின் முன் அவசரமாகக் கையொப்பமிடும் எமக்கு அந்தச் சிறு சொல்லே போதிய பாடம்.

இந்த வாரம் ஒரு மாலை, செபமாலை முடிந்தபின், கணவனும் மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் ஒரு கொப்பியோடு உட்காருங்கள். கடன் எடுக்க எண்ணியிருந்தால் இவற்றை எழுதுங்கள்: மாதத் தவணை எவ்வளவு? எத்தனை மாதங்கள்? இரண்டையும் பெருக்கினால் வருவது என்ன? வட்டி இரட்டித்தால் எப்படிக் கட்டுவோம்? உழைப்பவர் நோயுற்றால் எத்தனை மாதம் தாக்குப்பிடிப்போம்? கடன் முடியும்போது எம் வயது என்ன?

ஏற்கனவே கடன் உள்ளவர்கள் வங்கியிடம் மீதிக் கணக்குக் கூற்றைக் கேட்டுப் பெறுங்கள். அதிலே வட்டி எவ்வளவு, முதல் எவ்வளவு என்று பிள்ளைகளுக்கும் காட்டுங்கள். தென்னையிலே பிறர் தேங்காய் பறிப்பதைக் கண்டு, காணியை மீட்கத் துடித்தார்கள் எம் முன்னோர். அந்தத் துடிப்பை அக்கூற்றிலுள்ள வட்டித் தொகை எமக்கும் தரட்டும்.