பங்கும் கூலியும்: நீதியான சம்பளம் எது?



வல்வெட்டித்துறையில் கட்டப்பட்ட ‘அன்னபூரணி’ என்னும் பாய்க்கப்பல் 1938ஆம் ஆண்டில் அத்திலாந்திக் சமுத்திரத்தைக் கடந்து, அமெரிக்காவின் குளொஸ்டர் துறைமுகத்தை அடைந்த வரலாற்றை நாம் பெருமையோடு பேசுகிறோம். ஆனால் இத்தகைய கப்பல்களில் பாய் இழுத்தவனுக்கும், துறையில் மூடை சுமந்தவனுக்கும் என்ன கொடுக்கப்பட்டது, அது அவன் வீட்டு அடுப்பெரியப் போதுமாயிருந்ததா என்று கேட்க நாம் பழகவில்லை. கூலி எப்போது நீதியான கூலியாகிறது? இவ்வாரம் இக்கேள்வியைச் சிந்திப்போம்.

“ஒத்துக்கொண்டதுதானே?”

கொடுப்பவரும் வாங்குபவரும் ஒத்துக்கொண்ட தொகையே நியாயமான கூலி என்பர் சிலர். “பிடிக்காவிட்டால் வேறிடம் போகலாமே” என்றும் சொல்வர். கேட்பதற்கு இது சரியாகவே தோன்றும். ஆனால் நம் நாட்டின் சரித்திரம் வேறொன்றைக் காட்டுகிறது.

தென்னிந்தியாவிலிருந்து மலைநாட்டுத் தோட்டங்களுக்கு வந்த ஏழைகள் கங்காணியிடம் பட்ட கடனோடுதான் வேலையைத் தொடங்கினார்கள். ஒரு தோட்டத்தை விட்டு மற்றொன்றுக்குப் போக விரும்பினால், அவர்களது கடன் தொகையைக் குறித்த ‘துண்டு’ ஒன்று வேண்டும். புதிய தோட்டம் அக்கடனைக் கொடுத்துத் தீர்த்தால்தான் விடுதலை. அப்போதும் கடன் ஒழிவதில்லை. ஆளோடு சேர்ந்து இடம் மாறும். இவர்களும் கூலிக்கு ‘ஒத்துக்கொண்டவர்கள்’தாம்! வேறிடம் போக வழியற்றவனின் சம்மதம் எத்தகைய சம்மதம்?

துண்டுமுறை 1921இல் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. 1927இல் இந்தியத் தொழிலாளருக்கான குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தது. அதன்படி 1929இல் உயர்மலைத் தோட்டங்களில் ஆணுக்கு நாளொன்றுக்கு 54 சதமும் பெண்ணுக்கு 43 சதமும் நிருணயிக்கப்பட்டன. ஆணும் பெண்ணும் சம கூலி பெறுவதற்கு 1984 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதுவும் வேலைநிறுத்தத்தின் பின்னரே கிடைத்தது.

உயிர் கொடுத்தவர்கள்

1940 சனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் கூலி உயர்வு கேட்டுத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, கோவிந்தன் என்னும் தொழிலாளி பொலிசாரின் குண்டுக்கு இரையானார். மறு ஆண்டு, 1941இல், பல தொழில்களுக்கும் சம்பளத்தை நிருணயிக்கும் சம்பளச் சபைகள் கட்டளைச்சட்டம் நிறைவேறிற்று. 1947 யூன் 5ஆம் நாள், பொது வேலைநிறுத்தத்தின்போது, கந்தசாமி என்னும் அரசாங்க எழுதுவினைஞர் கொழும்பில் சுட்டுக் கொல்லப்பட்டார். இன்று மாத முடிவில் நாம் எண்ணி வாங்கும் சம்பளத்தில் இவர்களது இரத்தமும் கலந்திருக்கிறது.

நாடு முழுவதற்கும் பொதுவான குறைந்தபட்சச் சம்பளம் 2016ஆம் ஆண்டுச் சட்டத்தால் மாதம் 10,000 ரூபா என வந்தது. 2025ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை 27,000 ரூபாவாகவும், 2026 சனவரி முதல் 30,000 ரூபாவாகவும் உயர்த்தியது.

திருச்சபையின் குரல்

பாப்பரசர் 13ஆம் சிங்கராயர் 1891இல் வெளியிட்ட சுற்றுமடலில் இக்கேள்விக்கு மறுமொழி தந்தார். இருவரும் பேசி முடித்த ஒப்பந்தத்துக்கும் மேலான நீதி ஒன்றுண்டு. உழைப்பவன் சிக்கனமாக வாழவாவது கூலி போதியதாயிருக்க வேண்டும். பசிக்குப் பயந்து குறைந்த கூலிக்கு இணங்குபவன் பலவந்தத்துக்கு ஆளானவனே என்பது அவரது போதனை. 1981இல் பாப்பரசர் 2ஆம் அருளப்பர் சின்னப்பர், ஒரு சமுதாய அமைப்பு நீதியானதா என்று அறிய உழைப்பாளியின் ஊதியத்தையே உரைகல்லாகக் காட்டினார். அவ்வூதியம் ஒரு குடும்பத்தைத் தாங்க வேண்டும் என்றும் வற்புறுத்தினார்.

நமது கரையில்

இனி நம் கடற்கரைக்கு வருவோம். கடற்றொழிலில் மாதச் சம்பளத்தைவிடப் பங்கே வழக்கம். மீன் விற்ற பணத்தில் எண்ணெய், ஐஸ் முதலிய செலவுகளைக் கழித்து, மிஞ்சியதைப் படகுக்கும் வலைக்கும் ஒரு பகுதி, தொழிலாளருக்கு ஒரு பகுதி எனப் பிரிப்பர். விகிதம் இடத்துக்கிடம் வேறுபடும். பாடு நன்றாயிருந்தால் எல்லார் வீட்டிலும் மகிழ்ச்சி. இது பங்குமுறையின் சிறப்பு. ஆனால் மீன் படாத நாளில் பங்குமில்லை. அந்த நாட்களைத் தள்ளுவதற்குச் சம்மாட்டியாரிடம் முற்பணம் வாங்குகிறான். அது தீரும்வரை வேறு படகு ஏறமுடியாது என்றால், மலைநாட்டின் துண்டு நம் மணலுக்கும் வந்துவிட்டதல்லவா?

சம்மாட்டியார் எல்லாரும் செல்வந்தரல்லர். அவர்களில் கடன்பட்டு வலை வாங்கியவர்களும் உண்டு. ஆயினும் செலவுக் கணக்கை எல்லார் முன்னும் வாசிப்பதற்குப் பணம் வேண்டியதில்லை. மழைக்கால நாட்களுக்கென ஒரு சிறு தொகையைச் சங்கத்தில் கூட்டாகச் சேமிக்கவும் முடியும்.

கடலுக்குப் போகாத நாமும் தப்பித்துக்கொள்ள வேண்டாம். நம் வீட்டில் சமைத்துத் துவைக்கும் பெண்ணை 2016ஆம் ஆண்டுச் சட்டம் தன் வரம்புக்குள் சேர்க்கவில்லை. சட்டம் கேளாத இடத்தில் மனச்சாட்சி கேட்க வேண்டும். அறுவடை செய்தவர்க்குக் கொடாது பிடித்த கூலி வானத்தை நோக்கிக் கூக்குரலிடுகிறது என்று யாகப்பர் திருமுகத்தின் 5ஆம் அதிகாரம் எச்சரிக்கிறது.

குடும்பத்தில் கலந்துரையாட:

1. நம்மிடம் வேலை செய்பவருக்கு நாம் கொடுப்பதில் நமது குடும்பம் ஒரு மாதம் வாழ முடியுமா?

2. அவர் நோயுற்ற நாளில் கூலியை வெட்டுகிறோமா?

3. நாம் கொடுத்த முற்பணம் அவருக்கு உதவியா, விலங்கா?