படத்தொகுப்பை நம்பி வாழ முடியுமா?

கேள்வி: சுயாதீன சினிமாவில் எடிட்டராக ஆசை. அதை நம்பிப் பிழைக்க முடியுமா?
– ஒரு வாசகர், கோபாலபுரம்

பதில்: சுயாதீனப் படங்களை மட்டும் நம்பினால் சிரமம். ஆவணப்படம், குறும்படம், வணிகப் படம் என எல்லாவற்றிலும் கை வைத்தால் முடியும். கேரளத்தில் ஒரு முன்மாதிரி உண்டு: பீனா பால். புனே திரைப்படக் கல்லூரியில் படித்த அவர், ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ (1986) படத்தைத் தொகுத்தார். ஒடேசா என்ற அமைப்பு ஊர் ஊராகச் சென்று மக்களிடம் திரட்டிய பணத்தில் எடுத்த படம் அது. பிறகு ரேவதி இயக்கிய ‘மித்ர், மை ஃப்ரெண்ட்’ படத்துக்காகத் தேசிய விருது பெற்றார். கேரளச் சர்வதேசத் திரைப்பட விழாவையும் பல ஆண்டுகள் கலை இயக்குநராக நடத்தினார்.

இந்த வேலையின் உயிர் பொறுமை. ஒரு நொடிக்கு 24 ஃபிரேம். மகன் இறந்த செய்தியைக் கேட்கும் தாயின் முகத்தை ஆறு ஃபிரேம் முன்னால் வெட்டினால் அது வெறும் தகவல். கண் தாழும்வரை காத்திருந்தால் அது துக்கம். அந்தக் கால் நொடியை உணர்வதுதான் தொழில்.

கோட்டயம் கே.ஆர். நாராயணன் திரைப்பட நிறுவனத்திலும் சென்னை தரமணி அரசு திரைப்படக் கல்லூரியிலும் எடிட்டிங் படிப்பு உண்டு. டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பே பழகப் போதும். ஊர்த் திருவிழாவைப் படமெடுத்து, ஐந்து நிமிடமாகத் தொகுங்கள். பிடிக்காவிட்டால் கலைத்து மறுபடி தொகுங்கள். இன்றே தொடங்குங்கள்.